ஒரே பானை, பன்னிரண்டு பேர்

போன செவ்வாய்க்கிழமை காலை, சிங்கப்பூர் செங்காங்கில் என் வீட்டுக்கு ஒரு பெண் கணக்கெடுக்க வந்தாள். கழுத்தில் அடையாள அட்டை, கையில் டேப்லட், வியர்வையில் நெற்றியோடு ஒட்டிய முடி. பெயர் ஷாலினி என்றாள். "டென் மினிட்ஸ்தான் ஆன்ட்டி, சீக்கிரம் முடிஞ்சிடும் லா." நாங்கள் இந்த வேலைக்குப் போன காலத்தில் "கால் மணி நேரம்தான்" என்று சொல்லிவிட்டு ஒரு மணி நேரம் உட்காருவோம். இப்போது பத்து நிமிடம் என்று சொல்லி இருபது நிமிடம் உட்காருகிறார்கள். முன்னேற்றம்தான்.

"வீட்டுல எத்தனை பேர் ஆன்ட்டி?"

"ரெண்டு."

அவள் வாசலைத் திரும்பிப் பார்த்தாள். அங்கே ஒரு ஜோடிச் செருப்புதான் கிடந்தது. கவனிக்கத் தெரிந்த பெண். எனக்குப் பிடித்துப்போயிற்று.

"இன்னொருத்தர் யாரு?"

"எதிர்வீட்டு பிலோமினா."

"எதிர்வீடுன்னா அது வேற யூனிட் ஆன்ட்டி."

நான் விளக்கினேன். பிலோமினாவும் நானும் பதினோரு வருடமாக ஒன்றாகத்தான் சாப்பிடுகிறோம். காலைக் கோப்பி அவள் வீட்டில். மதியச் சோறும் இரவுக் கஞ்சியும் என் வீட்டில். ஞாயிற்றுக்கிழமை அவள் பூசை முடிந்து வரும்வரை நான் பசியோடு காத்திருப்பேன். பாதிரியார் பிரசங்கத்தை நீட்டுகிறார் என்று மனத்துக்குள் திட்டுவேன். படுக்க மட்டும் அவள் தாழ்வாரத்தைக் கடந்து அந்தப் பக்கம் போகிறாள். போன வருடம் எனக்குக் கண் அறுவைச் சிகிச்சை நடந்தபோது மூன்று வாரம் அதற்குக்கூடப் போகவில்லை.

ஷாலினி பொறுமையாகக் கேட்டாள். "புரியுது ஆன்ட்டி. ஆனா சிஸ்டம் ஏத்துக்காது. உங்க வீட்டுல ஒண்ணு, அவங்க வீட்டுல ஒண்ணு. அப்படித்தான் போட முடியும்."

பிறகு இன்னும் சில கேள்விகள். அக்கம்பக்கத்தாருடன் பழகுவது எவ்வளவு திருப்தி என்று ஒன்றிலிருந்து ஐந்துக்குள் ஒரு எண் சொல்லச் சொன்னாள். பிலோமினா தொலைக்காட்சியை அலறவிடுவதால் நான்கு என்றேன். நன்றி சொல்லி எழுந்தாள்.

"பதிஞ்சதை ஒருதரம் வாசிச்சுக் காட்டிட்டுப் போம்மா."

அவள் டேப்லட்டைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். "சப்மிட் ஆயிடுச்சு ஆன்ட்டி. பேக் போக முடியாது. இப்படி யாரும் கேட்டதே இல்ல."

என்னிடம் ஒருத்தி கேட்டிருக்கிறாள். அறுபது வருடத்துக்கு மேலாகிறது.

அன்று ஷாலினி இருந்த இடத்தில் நான் இருந்தேன். எனக்கு இருபது வயது. பள்ளி இறுதித் தேர்வான சீனியர் கேம்பிரிட்ஜ் தேறியிருந்தேன். ஆசிரியர் பயிற்சிக்கு மனுப் போடச் சொன்னார் அப்பா. நான் ஆறு மாதத் தற்காலிக வேலை ஒன்றுக்குப் போட்டேன். லட்சியமெல்லாம் இல்லை. பெண் பிள்ளை ஒருத்தி பகல் முழுக்க ஊரைச் சுற்றலாம், கேட்டால் அரசாங்க வேலை என்று சொல்லலாம்; அந்த வயதில் இதைவிட வேறென்ன வேண்டும்? இடிக்கப்போகிற நெரிசல் குடியிருப்புகளில் யார் யார், எப்படி வாழ்கிறார்கள் என்று வீடு வீடாகக் கேட்டு எழுதும் வேலை. சீனம், மலாய் பேசுகிறவர்கள் நிறையப் பேர் இருந்தார்கள். தமிழுக்கு நாங்கள் இரண்டே பேர்.

டேப்லட்டுக்கு வாசனை கிடையாது. எங்களுடைய வேலை முழுக்க வாசனைதான். பென்சில் சீவும்போது எழும் மரவாசனை, புதிதாக அச்சடித்த படிவத்தின் மை வாசனை, வெயிலில் காய்ந்த கிளிப் அட்டையின் வாசனை. பென்சிலால்தான் எழுத வேண்டும், பேனாவால் எழுதினால் சனங்கள் பயப்படுவார்கள் என்பார் எங்கள் மேற்பார்வையாளர். அவர் பெயர் தேவசகாயம். வெள்ளை டிரில் காற்சட்டை, சைக்கிள் சங்கிலியில் சிக்காமலிருக்கக் கணுக்காலில் ஒரு கிளிப், சட்டைப்பையில் ஒரு முனை சிவப்பாகவும் மறுமுனை நீலமாகவும் உள்ள பென்சில். ஞாயிறு தவறாமல் கோயிலுக்குப் போகிற கிறிஸ்தவர். பொய் சொல்லத் தெரியாதவர். இதை ஏன் முதலிலேயே சொல்லிவைக்கிறேன் என்றால், இந்தக் கதையில் அவரைக் கெட்டவராக எண்ணிக்கொள்ள நிறைய வாய்ப்பிருக்கிறது. அவர் அப்படிப்பட்டவர் இல்லை.

பயிற்சி ஒரு வாரம். கேள்வியை எழுதியிருக்கிறபடியே வாசிக்க வேண்டும். பதிலைக் கேட்டுத் தலையாட்டக் கூடாது. முகத்தில் எதுவும் தெரியக் கூடாது. பதில் வராவிட்டால் மனத்துக்குள் ஐந்துவரை எண்ணிக் காத்திருக்க வேண்டும். எதையும் வாங்கிச் சாப்பிடக் கூடாது. எழுதியதை யாருக்கும் காட்டக் கூடாது. "நீங்க ஒரு குழாய்," என்றார் தேவசகாயம். "அந்தப் பக்கம் வர்ற தண்ணி இந்தப் பக்கம் வரணும். நிறம் மாறக் கூடாது." நான் வீட்டில் கண்ணாடி முன் நின்று உணர்ச்சியில்லாத முகத்தைப் பழகினேன். அம்மா கஷாயம் வைத்துக் கொடுத்தார். வயிற்றுவலி என்று நினைத்துவிட்டாராம்.

படிவத்தின் தமிழை யார் எழுதினார்களோ தெரியாது. "தங்கள் இல்லத்தில் வதியும் நபர்களின் எண்ணிக்கை யாது?" என்று முதல் நாள் ஒரு பால்காரரிடம் வாசித்தேன். அவர் துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு எழுந்து நின்றார். கோர்ட்டில் கேட்பதுபோல் இருந்ததாம். இரண்டாம் நாளிலிருந்து "வீட்டுல எத்தனை பேரு?" என்று கேட்க ஆரம்பித்தேன். குழாயில் அப்போதே சின்ன ஓட்டை விழுந்துவிட்டது.

இன்னொரு தமிழ்க் கணக்கெடுப்பாளர் எனக்கு மூத்தவர், அனுபவசாலி. தேக்கா மார்க்கெட் எதிரில் ஒரு கோப்பிக்கடையில் உட்கார்ந்து, பாலில்லாத தே ஓ ஒன்றை மூன்று மணி நேரம் குடித்தபடியே ஏழெட்டுப் படிவங்களை முடித்துவிடுவார். அவருடைய குடும்பங்கள் எல்லாவற்றிலும் ஐந்து பேர். எல்லோரும் ஆரோக்கியமானவர்கள், எல்லோரும் திருப்தியாக இருந்தார்கள். அழித்தல் இல்லை, திருத்தல் இல்லை. தேவசகாயம் அவற்றை எங்களிடம் காட்டி, படிவம் என்றால் இப்படி இருக்க வேண்டும் என்று பாராட்டினார். பொய் சொல்லத் தெரியாதவர்களுக்குப் பொய்யைக் கண்டுபிடிக்கவும் தெரிவதில்லை.

இன்றைக்கு லிட்டில் இந்தியா என்று பலகை வைத்திருக்கிறார்கள். நாங்கள் தேக்கா என்றுதான் சொல்வோம். சிராங்கூன் சாலையிலிருந்து ஒரு சந்தில் இறங்கி, மாட்டுக்கொட்டகையைத் தாண்டிப் போனால் பலகைச் சுவரும் தகரக் கூரையுமாக ஒரே வரிசையில் சில வீடுகள் இருந்தன. தகர வரிசை என்பார்கள். அதன் கடைசி வீட்டுக்கு ஒரு காலை பதினொரு மணிக்குப் போனேன். வாசலில் கரியடுப்பு. அதன்மேல் நான் அதுவரை கோயிலில் மட்டுமே பார்த்திருந்த அளவில் ஒரு பானை. புளியும் கருவாடும் சேர்ந்த வாசனை வெயிலில் கெட்டியாக நின்றது. நாற்பத்தைந்து வயதிருக்கும் ஓர் அம்மாள், முழங்கைவரை மாவு ஒட்டிய கைகளோடு, பால் டின் பெட்டி ஒன்றைக் கவிழ்த்துப் போட்டு உட்காரச் சொன்னார். பெயர் மருதாயி. பக்கத்தில் காலில் கட்டுப்போட்ட ஒருவர் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார். துறைமுகத்தில் மூட்டை விழுந்து காலில் அடி. அவர் காத்தமுத்து.

படிவத்தின் தொடக்க வாசகத்தை வாசித்தேன். இந்தக் கணக்கெடுப்பால் தங்களுக்குத் தனிப்பட்ட நன்மையோ தீமையோ விளையாது என்பது அதன் சாரம்.

மருதாயி கரண்டியை நிறுத்தினார். "நல்லதும் வராது, கெட்டதும் வராதுன்னா எதுக்குத் தாயி இந்த வெயில்ல வந்தே?"

நான் ஐந்துவரை எண்ணினேன். அது பதில் வராவிட்டால் செய்ய வேண்டியது. நம்மிடமே கேள்வி வந்தால் என்ன செய்வதென்று பயிற்சியில் சொல்லித்தரவில்லை.

"அது சம்பளத்துக்கு வந்திருக்குக்கா," என்றார் காத்தமுத்து. "கேக்கட்டும் விடு."

வரிசையை இடிக்கப்போகிறார்கள் என்று அங்கே எல்லோருக்கும் தெரியும். குடும்பமாக இருப்பவர்களுக்குப் புதிய அடுக்குமாடியில் இடம் கிடைக்கும், தனி ஆட்கள் அவரவர் வழியைப் பார்த்துக்கொள்ள வேண்டும் என்ற பேச்சும் தெரியும். எனக்கும் தெரியும். படிவத்தில் அது இல்லை, சொல்லவும் கூடாது. நன்மையும் வராது, தீமையும் வராது என்று அவர் முகத்தைப் பார்த்து வாசித்துவிட்டேன்.

"குடித்தனத் தலைவர் யாருங்க?"

"நான்தான்."

"ஆம்பளைங்க யாரும்...?" இதைக் கேட்டிருக்கக் கூடாது. கேள்வியில் அது இல்லை. வாய் முந்திக்கொண்டது.

"ஆம்பளைங்களுக்கு என்ன பஞ்சம், பதினோரு பேரு இருக்காங்க. உலை வைக்கிறது நான். எந்த அரிசி வாங்கணும், யாரு எப்பக் குளிக்கணும்னு சொல்றது நான். அப்பத் தலைவரு யாரு?"

"நாங்கல்லாம் வெறும் வயிறு," என்றார் காத்தமுத்து.

கட்டில் எத்தனை? எட்டு, மருதாயிக்குப் பாய். நேற்றிரவு இங்கே படுத்தவர்கள் யார் யார்? பெயர்களைச் சொன்னார், எழுதினேன். எட்டு ஆண்களும் மருதாயியும். வயது, வேலை, வந்த வருடம். ஒன்றரை மணி நேரம் ஆயிற்று. முடித்துவிட்டு அட்டையை மூடினேன்.

"எழுதியாச்சா? வாசி."

"வாசிக்கக் கூடாதுங்க. விதி."

"என் வாயிலேருந்து வந்ததை என்கிட்டயே வாசிக்கக் கூடாதுன்னு ஒரு விதியா? அஞ்சடியில காயிதம் எழுதுறவரு வாசிச்சுக் காட்டாம ஒருநாள் கூட ஒட்டுனதில்ல. அவருக்கு இல்லாத விதி உனக்கு எங்கேருந்து வந்துச்சு?"

இதைச் சொல்லியாக வேண்டும். கடைகளுக்கு முன்னால் கூரைபோட்ட நடைபாதையைத்தான் அஞ்சடி என்போம். அங்கே ஒரு மேசை, ஒரு மைக்கூடு, வரிசையில் நிற்கும் ஆட்கள். எழுதத் தெரியாதவர்கள் சொல்லச் சொல்ல, மேசைக்காரர் ஊருக்குக் கடிதம் எழுதித் தருவார். எழுதி முடித்ததும் உரக்க வாசிக்க வேண்டும். ஒவ்வொரு வரிக்கும் கடிதத்துக்கு உரியவர் "ம்" என்பார். "ம்" வராத வரியை அடித்துவிட்டுத் திருப்பி எழுத வேண்டும். கடைசி "ம்"முக்குப் பிறகுதான் உறையை ஒட்டுவது. படிக்கத் தெரியாதவர்கள் எழுத்தைக் கண்டு ஏமாறாமலிருக்கத் தாங்களே போட்டுக்கொண்ட சட்டம் அது. எங்கள் விதிப்புத்தகம் அச்சாவதற்கு முன்பே அமலில் இருந்தது.

வாசித்தேன். ஒவ்வொரு பெயருக்கும் மருதாயி "ம்" என்றார். ஒன்பதாவது பெயரோடு நிறுத்தினேன். அவர் இன்னும் காத்திருந்தார்.

"சடையன் எங்க?"

"நேத்து ராத்திரி அவர் இங்க படுக்கலைன்னு சொன்னீங்களே."

"அந்தா படுத்திருக்கானே!"

உண்மைதான். எனக்கு நான்கடி தூரத்தில், கட்டிலில், வாயைத் திறந்துகொண்டு ஒருவர் குறட்டைவிட்டுத் தூங்கிக்கொண்டிருந்தார். ஒன்றரை மணி நேரமாக அந்தக் குறட்டையை மீறித்தான் நான் கேள்வி கேட்டுக்கொண்டிருந்தேன். அவரும் இன்னும் இரண்டு பேரும் ஜாகா வேலை, அதாவது காவல்காரர்கள். இரவெல்லாம் கட்டடங்களைக் காவல் காத்துவிட்டுக் காலையில் வந்து, துறைமுகத்துக்குப் போனவர்கள் எழுந்த அதே கட்டிலில் படுப்பார்கள். எட்டுக் கட்டிலில் பதினோரு பேர் படுப்பது அப்படித்தான். கேள்வி நேற்றிரவைத்தான் கேட்டது. நான் குழாயாக இருந்து, கண்ணெதிரே குறட்டை விட்டவரை இல்லை என்று எழுதியிருந்தேன்.

"ஊரான் கட்டடத்தைக் காக்கப் போனா சொந்த வீட்டுல ஆளில்லைன்னு ஆயிடுமா?" என்றார் மருதாயி.

அழித்து எழுதினேன். மூன்று பெயர்களுக்கும் "ம்" வந்தது. அடுத்து, தலைவருக்கு என்ன உறவு என்ற பத்தி. கணவன், மகன், மகள் என்று நீண்டு, வேலையாள், வாடகைக்கு இருப்பவர், மற்றவை என்று முடியும். நான் எல்லா ஆண்களுக்கும் வாடகைக்கு இருப்பவர் என்று போட்டிருந்தேன். "ம்" வரவில்லை.

"அவங்க என்கிட்ட வாடகைக்கு இல்ல. நான் அவங்ககிட்ட வேலைக்கும் இல்ல. எம் புருசன் துறைமுகத்துல செத்தப்ப என்னை ஊருக்குக் கப்பல் ஏத்தப் பாத்தாங்க. அங்க எனக்கு யாரு இருக்கா? இவனுங்கதான், அக்கா இங்கயே இருக்கட்டும்னு பானையை எடுத்துக் குடுத்தானுங்க. நீ என்னைத் தனி ஆளுன்னு எழுதுனா மறுபடியும் கப்பல்தான்."

"அப்ப என்ன உறவுன்னு எழுதட்டும்?"

"ஒரே பானையில சாப்பிடுறோம். அதை எழுது."

அதற்குக் கட்டம் கிடையாது. படிவத்தின் ஓரத்தில், பென்சிலால், அவர் சொன்னபடியே எழுதினேன். "ம்" என்றார்.

மறுநாள் காலை தேவசகாயம் என்னை அழைத்தார். மேசையில் என் படிவம். அதன்மேல் சிவப்புப் பென்சிலால் ஒரு பெரிய கோடு. ஓரத்தில் அவர் கையெழுத்தில்: தனி நபர்கள், பன்னிரண்டு.

"ஒரு பொம்பளை. பதினோரு ஆம்பளைங்க. ரத்த சம்பந்தம் கிடையாது. இதைக் குடித்தனம்னு மேலே அனுப்பினா என்னைப் பாத்துச் சிரிப்பாங்க மிஸ்."

"குடித்தனம்னா ஒரே கூரை, ஒரே பானைன்னு உங்க விதிப்புத்தகத்துலதான் சார் இருக்கு."

"புத்தகம் எழுதினவங்க இந்த மாதிரி ஆளுங்களை நினைச்சு எழுதலை."

"நினைச்சது எனக்கு எப்படி சார் தெரியும்? அச்சடிச்சதைத்தான் வாசிக்க முடியும். குழாய் தண்ணியை மாத்தக் கூடாதுன்னீங்க."

"குழாய் பேசவும் கூடாது," என்றார். பிறகு, கொஞ்சம் தணிந்த குரலில், "கையெழுத்துப் போடுங்க," என்றார்.

ஒவ்வொரு படிவத்தின் அடியிலும் ஓர் உறுதிமொழி உண்டு. இந்தப் பதில்களை எனக்குச் சொன்னவர் இப்படியே சொன்னார் என்று கணக்கெடுத்தவர் கையெழுத்திட வேண்டும். கையெழுத்தில்லாத படிவத்தை மேலே அனுப்ப முடியாது. மருதாயி பன்னிரண்டு தனி நபர்கள் என்று சொல்லவில்லை. நான் பென்சிலை மேசையில் வைத்தேன். "அவங்க இப்படிச் சொல்லல சார்."

நான் வீரமானவள் இல்லை. ஆனால் முகத்தில் எதுவும் காட்டாமலிருக்க அவரே ஒரு வாரம் பயிற்சி கொடுத்திருந்தார்.

நான்கு நாள் அந்தப் படிவம் எங்கள் இரண்டு மேசைக்கும் நடுவில் போய் வந்தது. காலையில் அது என் மேசையில் இருக்கும். மாலையில் கையெழுத்தில்லாமல் அவர் மேசையில் இருக்கும். கோப்பிக்கடை அனுபவசாலி என்னிடம் ரகசியமாகச் சொன்னார்: "இதுக்குத்தான்மா நான் யாரு வீட்டுக்கும் போறதில்ல."

ஐந்தாம் நாள் சனிக்கிழமை. அரை நாள் வேலை முடிந்ததும் தேவசகாயம் கணுக்காலில் கிளிப்பை மாட்டினார். மறுபடி கேட்டுச் சரிபார்ப்பது மேற்பார்வையாளரின் உரிமை. "நீங்களும் வாங்க. ஆனா வாயைத் திறக்கக் கூடாது." அவர் சைக்கிளை உருட்டிக்கொண்டு வந்தார், நான் குடையோடு பின்னால் நடந்தேன்.

தகர வரிசையில் அப்போது எல்லோரும் வீட்டில் இருந்தார்கள். சடையனைக்கூட விழித்த நிலையில் பார்த்தேன். தரையில் வட்டமாக அலுமினியத் தட்டுகள், நடுவில் அந்தப் பானை. தேவசகாயத்துக்கும் கவிழ்த்துப் போட்ட பால் டின் பெட்டிதான். வெள்ளைக் காற்சட்டையோடு ஒரு கணம் தயங்கிவிட்டு உட்கார்ந்தார். புதிய படிவம் ஒன்றை எடுத்தார்.

"கேக்குறதுக்கு முன்னால நான் ஒண்ணு கேக்கலாமா சார்?" என்றார் மருதாயி. "உங்க வீட்டுல எத்தனை பேரு?"

"நான் தனி."

"தனி வீடா?"

"இல்ல. ஒரு குடும்பத்தோட ஒரு ரூம்ல இருக்கேன். எங்க கோயில்காரங்க."

"சாப்பாடு?"

"அவங்களோடதான்."

"உங்களுக்குன்னு தனியா ஆக்குறாங்களா?"

"இல்ல. எல்லாருக்கும் ஒண்ணாத்தான்."

"சொந்தமா?"

"சொந்தம்னு... இல்ல."

மருதாயி தட்டுகளில் சோற்றைப் போட்டபடியே சொன்னார். "அப்ப நீங்க எப்படித் தனி? காய்ச்சல் வந்தா யாரு கஞ்சி குடுக்குறா? அவங்கதானே. உங்களையும் அங்கேருந்து தனியா எடுத்து எழுதினா ஒத்துக்குவீங்களா சார்?"

தேவசகாயம் பென்சிலைப் படிவத்தில் ஊன்றியபடி உட்கார்ந்திருந்தார். நான் பழக்கதோஷத்தில் மனத்துக்குள் எண்ணினேன். ஐந்தைத் தாண்டிப் பத்துக்கு மேல் போயிற்று.

ஒரு தட்டு அவர் முன்னால் நகர்ந்து வந்தது. "வேண்டாம்மா, சாப்பிடக் கூடாதுன்னு விதி," என்றார்.

"ஆமா சார், சாப்பிட்டுடாதீங்க," என்றார் காத்தமுத்து. "சாப்பிட்டா பதிமூணு ஆயிடும். மறுபடி அழிச்சு எழுதணும்."

வட்டம் முழுக்கச் சிரித்தது. தேவசகாயத்தின் முகம், எங்களுக்கெல்லாம் பாடம் நடத்திய அந்த முகம், ஓரத்தில் உடைந்ததை நான் பார்த்தேன். குனிந்து எழுதத் தொடங்கினார். முதல் கேள்வியிலிருந்து கடைசிவரை அவரே கேட்டார். சுத்தமாக, விதிப்படி, ஒரு சொல் கூட்டாமல் குறைக்காமல். உறவுப் பத்தியில் மற்றவை என்று போட்டு, ஓரத்தில் ஆங்கிலத்தில் ஒரே பானை என்று எழுதினார். பிறகு அட்டையை மூடப் போனவர் மூடவில்லை. யாரும் கேட்காமலே வாசித்துக் காட்டத் தொடங்கினார். "குடித்தனத் தலைவர், மருதாயி."

"ம்," என்றார் மருதாயி.

பன்னிரண்டு பெயருக்கும் "ம்" வந்தது. சடையன் தன் பெயருக்குத் தானே "ம்" போட்டுக்கொண்டார்.

கையெழுத்துப் போட்டுவிட்டு, படிவத்தை என்னிடம் நீட்டினார். நானும் போட்டேன். இரண்டு பேர் கையெழுத்திட்ட படிவம் அந்த ஆறு மாதத்தில் அது ஒன்றுதான்.

ஆறு மாதம் முடிந்ததும் மற்றவர்களுக்கு வேலையை நீட்டித்தார்கள், கோப்பிக்கடைக்காரருக்கும் சேர்த்து. எனக்கு நீட்டிக்கவில்லை. பேசுகிற குழாயை யார் வைத்துக்கொள்வார்கள்? நான் ஒரு பத்திரிகையில் சேர்ந்தேன். அங்கேயும் பேட்டி கண்டவர்களிடம் எழுதியதை வாசித்துக் காட்டிவிட்டுத்தான் அச்சுக்குக் கொடுப்பேன். "இவ செய்தி எழுதுறாளா, காயிதம் எழுதுறாளா?" என்று ஆசிரியர் கேட்பார். நான் மறுத்ததில்லை.

மறு வருடம் தகர வரிசையின் விளக்குக் கம்பத்தில் பட்டியல் ஒட்டினார்கள். காத்தமுத்து பத்திரிகை அலுவலகத்துக்கே வந்து சொன்னார். மருதாயி, பன்னிரண்டு பேர். மெக்பர்சன் பக்கம் புதிய கட்டடத்தில், பக்கத்துப் பக்கத்தில் இரண்டு வீடு. "அக்கா அந்தப் பட்டியலை உன்னை வாசிக்கச் சொல்லுது. வேற யாரு வாசிச்சாலும் நம்ப மாட்டேங்குது."

போய் வாசித்தேன். "ம்" என்றார்.

தகர வரிசை இடிந்ததில் எனக்கு ஒரு துளி வருத்தமும் இல்லை. அந்த வாளிக் கக்கூசையும், மழையில் மாட்டுக்கொட்டகைத் தண்ணீர் உள்ளே வருவதையும் பார்க்காதவர்கள்தான் இப்போது படம் போட்டு உருகுகிறார்கள். உருகட்டும். மெக்பர்சன் வீட்டில் குழாயைத் திறந்தால் தண்ணீர் வந்தது. பெரிய பானை புது அடுப்புக்குப் பொருந்தவில்லை, அவ்வளவுதான். மருதாயி தாழ்வாரத்தில் கரியடுப்பு வைத்துப் பக்கத்து வீட்டுச் சீனப் பாட்டியிடம் சண்டை போட்டார். பிறகு அந்தப் பாட்டிக்கும் ஒரு தட்டு வைத்ததாகக் கேள்வி. அறுபதுகள் முடிவதற்குள் வேலை போய் ஊருக்குக் கப்பல் ஏறியவர்கள், கல்யாணம் ஆகிப் போனவர்கள், செத்தவர்கள் என்று பன்னிரண்டு ஐந்தாயிற்று. மருதாயி பானையை மட்டும் மாற்றவில்லை. அடியில் கொஞ்சமாக உலை வைத்தார்.

இன்றைக்கு அந்த வரிசை இல்லை. அந்த மெக்பர்சன் கட்டடமும் இல்லை. அஞ்சடியில் கடிதம் எழுதும் மேசை இல்லை. தேவசகாயம் இல்லை, அவர் சாகும்வரை அந்தக் குடும்பத்தோடுதான் இருந்தார் என்று பிலோமினா சொன்னாள், அவளும் அந்தக் கோயில்காரிதான். பென்சில் இல்லை, அழிரப்பர் இல்லை. ஷாலினியின் டேப்லட்டை நன்றாகப் பார்த்தேன். பளபளப்பான கண்ணாடி, நாலா பக்கமும் கட்டங்கள், எழுதுவதற்கு ஓரமே இல்லை.

நான் அந்தப் பெண்ணிடம் அவளுடைய சூப்பர்வைசர் எண்ணைக் கேட்டு வாங்கினேன். மறுநாள் கூப்பிட்டேன். மரியாதையான குரல். "உங்க ஃபீட்பேக்கை நோட் பண்ணிக்கிறோம் மேடம்."

"ஃபீட்பேக் இல்ல தம்பி. பதில். நான் ரெண்டுன்னு சொன்னேன், நீங்க ஒண்ணுன்னு எழுதியிருக்கீங்க. நான் அப்படிச் சொல்லல."

மனத்துக்குள் எண்ணினேன். ஐந்து முடிந்ததும் அவர் சொன்னார்: வேண்டுமானால் வரும் சனிக்கிழமை நேரில் வந்து பார்க்கிறேன், ஆனால் எதுவும் மாறும் என்று சொல்ல முடியாது.

வரட்டும். பிலோமினாவிடம் மீன் வாங்கச் சொல்லியிருக்கிறேன். உலை மூன்று பேருக்கு. சாப்பிடக் கூடாது, விதி என்பார், பரவாயில்லை. எழுதியதை வாசித்துக் காட்டாமல் மட்டும் அவரை எழுந்திருக்க விடமாட்டேன்.